மான் தீவில் தலைமை நீதிபதி ஆவது எப்படி?

பிரிட்டனுக்கும் அயர்லாந்துக்கும் நடுவே கடலில் இருக்கும், சுமார் 84,000 பேர் வாழும் மான் தீவில் (Isle of Man) மூத்த நீதிபதி ஆகும் வழி என்ன என்று கேட்டிருக்கிறீர்கள். அந்த நீதிபதிக்கு 'டீம்ஸ்டர்' என்று பெயர். பொதுவாகத் தீவிலேயே வழக்கறிஞராகப் பல வருடங்கள் வேலை பார்த்தவர்தான் அந்தப் பதவிக்கு வருவார். டேவிட் டாயில் அப்படி வந்தவர். முதலில் இரண்டாம் டீம்ஸ்டர், அப்புறம் 2010 முதல் 2018 வரை முதல் டீம்ஸ்டர், அதாவது தலைமை நீதிபதி. நியமிப்பது பிரிட்டிஷ் அரச பீடம். கடைசி மேல்முறையீடு லண்டனில் இருக்கும் பிரிவி கவுன்சில் என்ற உயர் மேல்முறையீட்டு மன்றத்துக்குப் போகும்.

எனக்கு மிகவும் பிடித்தது பதவிப் பிரமாணம்தான். நட்பு, லாபம், உறவு, பகை எதற்கும் இடம் தராமல், ஹெர்ரிங் மீனின் முதுகெலும்பு அதன் நட்டநடுவே கிடப்பதுபோல் இரு தரப்புக்கும் நடுவே நின்று தீர்ப்புச் சொல்வேன் என்று சத்தியம் செய்ய வேண்டும். மீன்பிடித்துப் பிழைத்த ஊர் அது. தட்டில் மீனைப் பிளந்தவர் யாருக்கும் அந்த நேர்க்கோடு தெரியும். அக்கம்பக்கத்தார் எல்லாம் தெரிந்த முகங்களாக இருக்கும் சின்னத் தீவில், இதைவிடப் பொருத்தமான உறுதிமொழி கிடையாது. சட்டம் எழுத்தில் வராத காலத்தில் அதை நெஞ்சில் சுமந்தவர்களும் டீம்ஸ்டர்களே.