பதில்: மிளகாய் இலை ஓரம் கருகுது, பஞ்சகவ்யாவ நிறுத்தணுமா?

நிறுத்த வேணாம், பஞ்சகவ்யாவ (சாணி, கோமியம், பால், தயிர், நெய் சேத்துப் புளிக்க வச்ச கரைசல்) எந்தத் தண்ணில கலக்குறீங்கங்கிறதுதான் பிரச்சனை. தொண்டில கடல்லேர்ந்து ஒரு கிலோமீட்டர்ங்கிறீங்க, போர் தண்ணினு வேற சொல்றீங்க, அப்ப உப்பா இருக்கத்தான் வாய்ப்பு அதிகம். 10 லிட்டருக்கு 300 மில்லி சரியான அளவுதான், ஆனா உப்புத் தண்ணில கலந்து இலை மேல அடிச்சா வெயில்ல தண்ணி காஞ்சு உப்பு மட்டும் இலைல நின்னுரும், நுனியும் ஓரமும்தான் மொதல்ல கருகும்.

மருந்துக்குக் காசு செலவழிக்காம ஒண்ணு செஞ்சு பாருங்க. ரெண்டு செடிக்கு மட்டும் ஊருணித் தண்ணி இல்ல புடிச்சு வச்ச மழைத்தண்ணி, வேர்ல மட்டும், பத்து நாள். புதுசா வர்ற இலை சுத்தமா இருந்தா தண்ணிதான் காரணம். பழைய இலை தேறாது, அதப் பாத்து மனசு விட்டுராதீங்க.

அப்புறம், கரைல ஒதுங்குற கடல்பாசிய அள்ளி மூடாக்கு (செடி அடில மண்ண மூடுறது) போட்டேன்னு எழுதிருந்தீங்கல்ல... கழுவுனீங்களா? கழுவாம போட்டா அதுவே உப்பு மூட்டைதான் (நானும் ஒரு வருசம் இப்படித்தான் கத்திரிய கெடுத்தேன்). எடுத்துட்டு வைக்கோல், காஞ்ச எலை போடுங்க, ஈரம் காக்கும், உப்பு மேல ஏறுறதும் கொறயும்.

தண்ணிய டெஸ்டுக்குக் குடுத்து ஈசி (தண்ணில உப்பு எவ்வளவுனு காட்டுற அளவு) 3 dS/mக்கு மேல வந்துச்சுன்னா இந்த வைத்தியமெல்லாம் ஓரளவுக்குத்தான். மிளகா உப்பு தாங்காது, கொத்தவரங்கா நல்லாவே தாங்கும், வீட்டுக்கு அத போடுங்க, மிளகாய மழைக்காலத்துக்கு வச்சுக்கலாம்.