ஸ்க்ரப் டைஃபஸ்: பெயரும் பொருளும், ஒரு தாதியின் கேள்வி பதில்

ஊருக்குப் போய்ச் சிங்கப்பூர் திரும்பியவருக்குக் காய்ச்சல், மருத்துவமனைத் தாளில் புரியாத பெயர், இன்சூரன்ஸ்காரரின் கேள்விகள் என்று பலர் எழுதியிருந்தீர்கள். தொற்றுநோய்ப் பிரிவில் தாதியாக வேலை செய்து ஓய்வு பெற்றவள் நான். தெரிந்ததைச் சொல்கிறேன். மருந்து எழுதித் தருவது மருத்துவர் வேலை, அதை என்னிடம் கேட்காதீர்கள்.

அக்கா, மாமனார் தஞ்சாவூர் போய் வந்ததும் காய்ச்சலில் படுத்தார். டிஸ்சார்ஜ் தாளில் ‘மைட்-போர்ன் டைஃபஸ்’ என்று இருக்கிறது. பெரிய டாக்டர் ‘ஸ்க்ரப் டைஃபஸ்’ என்றார். ஊரில் சித்தப்பா ‘உண்ணிக்காய்ச்சல்’ என்கிறார். மூன்றும் ஒன்றா? இன்சூரன்ஸ் படிவத்தில் எதை எழுதுவது? (உட்லண்ட்ஸ்)

மூன்றும் ஒரே நோய்தான்மா. ‘மைட்-போர்ன்’ என்பது நோயைச் சுமந்து வருவது யார் என்று சொல்கிறது: மைட், அதாவது சிற்றுண்ணி. ‘ஸ்க்ரப்’ என்பது அது இருக்கும் இடம்: புதர்க்காடு. பழைய புத்தகங்களில் ‘சுட்சுகாமுஷி’ என்றும் பார்க்கலாம், அது ஜப்பானியப் பெயர். கிருமிக்கு இன்றைக்கு ஓரியென்ஷியா சுட்சுகாமுஷி என்று பெயர். 1995 வரை ரிக்கெட்ஸியா இனத்தில் வைத்திருந்தார்கள், பிறகு தனி இனமாகப் பிரித்துவிட்டார்கள்.

படிவத்தில் ‘ஸ்க்ரப் டைஃபஸ்’ என்றே எழுதுங்கள். அனைத்துலக நோய்ப் பட்டியலின் பத்தாம் பதிப்பில் இதன் குறியீடு ஏ75.3. தாளில் அந்தக் குறியீடு இருந்தால் அதையும் சேர்த்து எழுதுங்கள், இரண்டு பெயர் இருக்கிறதே என்ற கேள்வி வராது.

‘உண்ணிக்காய்ச்சல்’ என்ற பெயரில் எனக்கு ஒரு கவலை உண்டு. உண்ணி என்றதும் நமக்கு நினைவுக்கு வருவது நாய்க் காதிலும் மாட்டு மடியிலும் ரத்தம் குடித்து உப்பியிருக்கும் உண்ணி. அது வேறு. அதனால் வரும் டைஃபஸ் காய்ச்சலும் இந்தியாவில் உண்டு, ஆனால் கிருமி வேறு. ஸ்க்ரப் டைஃபஸைக் கொண்டுவருவது சிற்றுண்ணியின் குஞ்சு. அரை மில்லிமீட்டர்கூட இருக்காது, கண்ணுக்குத் தெரிவதே அரிது. “எங்கள் வீட்டில் நாயும் இல்லை, மாடும் இல்லை, உண்ணி கடிக்கவே இல்லை” என்று மருத்துவரிடம் உறுதியாகச் சொல்லிவிடுகிறார்கள். அவரும் வேறு காரணத்தைத் தேடப் போய்விடுகிறார்.

நான் டைஃபாய்டு தடுப்பூசி போட்டுக்கொண்டுதான் ஊருக்குப் போகிறேன். இதற்கும் அது போதுமா? (ஈசூன்)

போதாது ஐயா. டைஃபாய்டு அசுத்தமான உணவிலும் தண்ணீரிலும் வருகிற சால்மொனெல்லா கிருமி. டைஃபஸ் பூச்சிகளால் வருவது. இரண்டிலும் நோயாளி மயங்கிப் பிதற்றுவார் என்பதால் ஒரு காலத்தில் ஒன்றாகவே நினைத்திருந்தார்கள். 1837இல் அமெரிக்காவில் வில்லியம் கெர்ஹார்ட் என்ற மருத்துவர் இரண்டும் வேறு என்று தெளிவாகப் பிரித்துக் காட்டினார். ஸ்க்ரப் டைஃபஸுக்கு இன்றுவரை தடுப்பூசி கிடையாது.

அம்மாவின் ரத்தப் பரிசோதனைத் தாளை ஊரிலிருந்து அனுப்பினார்கள். ‘வெயில்-ஃபெலிக்ஸ்’ என்று போட்டு ‘ஓஎக்ஸ்19’, ‘ஓஎக்ஸ்2’, ‘ஓஎக்ஸ்கே’ என்று மூன்று வரி. ஓஎக்ஸ்கே மட்டும் 1:160. என்ன அர்த்தம் அக்கா? (செங்காங்)

இந்தக் கேள்விக்குக் கொஞ்சம் விரிவாகவே பதில் சொல்கிறேன், ஏனென்றால் இந்தக் கதை நமக்குப் பக்கத்தில் நடந்தது.

வெயில், ஃபெலிக்ஸ் என்ற இரண்டு ஆராய்ச்சியாளர்கள் 1916இல் ஒரு விந்தையை எழுதி வெளியிட்டார்கள். டைஃபஸ் நோயாளியின் ரத்தநீர், நோய்க்குத் தொடர்பே இல்லாத புரோட்டியஸ் என்ற கிருமியைக் கட்டிகட்டியாகத் திரள வைக்கிறது. அதிலிருந்து பிறந்ததுதான் இந்தச் சோதனை. தாளில் இருக்கும் மூன்று வரியும் அந்தப் புரோட்டியஸின் மூன்று வகைகள். 1920களில் கோலாலம்பூர் மருத்துவ ஆராய்ச்சிக் கழகத்தில் ஃப்ளெட்சரும் அவருடைய சகாக்களும் மலாயாக் காய்ச்சல்களை இதை வைத்து ஆராய்ந்தார்கள். அவர்களிடம் இரண்டு வகைப் புரோட்டியஸ் இருந்தது. கடைத்தெருக்காரர்களின் ரத்தம் ஒரு வகையைத் திரள வைத்தது. தோட்டத்திலும் லாலான் புல்வெளியிலும் வேலை செய்தவர்களின் ரத்தம் மற்றதைத் திரள வைத்தது. அந்த மற்ற வகையை லண்டனிலிருந்து கொண்டுவந்தவர் கிங்ஸ்பரி. உங்கள் அம்மாவின் தாளில் இருக்கும் ‘கே’ அவருடைய பெயரின் முதலெழுத்து.

அப்படித்தான் ‘கடை டைஃபஸ்’, ‘புதர் டைஃபஸ்’ என்று இரண்டு பெயர்கள் மலாயாவில் நிலைத்தன. முதலாவது எலித் தெள்ளால் வருவது, இன்றைக்கு மியூரைன் டைஃபஸ் என்கிறோம். இரண்டாவதுதான் நாம் பேசுவது. புல் வெட்டவும் காடு திருத்தவும் செம்பனை நடவும் வந்த தோட்டத் தொழிலாளர்களில் நம்முடைய முன்னோர் எத்தனையோ பேர். இந்த நோயின் பெயருக்குப் பின்னால் அவர்களுடைய காய்ச்சல் இருக்கிறது.

சரி, 1:160க்கு வருவோம். ரத்தநீரை 160 மடங்கு நீர்த்த பிறகும் கிருமி திரண்டது என்று அதற்கு அர்த்தம். ஓஎக்ஸ்கே மட்டும் ஏறியிருப்பது ஸ்க்ரப் டைஃபஸைச் சுட்டுகிறது, ஆனால் உறுதிப்படுத்தவில்லை. இந்தச் சோதனை பல நோயாளிகளைத் தவறவிடும், சில நேரம் வேறு நோயிலும் ஏறும். சில நாள் கழித்து மறுபடி எடுக்கும்போது நான்கு மடங்கு உயர்ந்திருந்தால் நம்பிக்கை கூடும். இன்று ஐஜிஎம் எலைசா, பிசிஆர் போன்ற சோதனைகள் உண்டு, அவற்றுக்கு வசதி இருக்கிறதா என்று ஊரில் கேட்கச் சொல்லுங்கள். முடிவு வரட்டும் என்று மருந்தை மட்டும் தள்ளிப்போடக் கூடாது. சந்தேகம் வலுவாக இருந்தால் மருத்துவர்கள் முன்கூட்டியே தொடங்கிவிடுவார்கள்.

அக்கா, நான் துவாஸ் தங்குவிடுதியில் இருக்கிறேன். புல் வெட்டும் வேலை. எனக்கு இங்கேயே வருமா?

வரவே வராது என்று சொல்ல மாட்டேன் தம்பி. சிங்கப்பூரில் பெரும்பாலும் ஊரிலிருந்தோ பக்கத்து நாடுகளிலிருந்தோ திரும்பியவர்களிடம்தான் பார்ப்போம். ஆனால் எலியும் புல்லும் சேர்ந்திருக்கும் இடம் எதுவானாலும் கவனம் வேண்டும். முழுக்கால்சட்டையை சாக்ஸுக்குள் செருகிக்கொள். சாப்பாட்டு நேரத்தில் சட்டையைக் கழற்றிப் புல்மேல் போடாதே, வெறுந்தரையில் படுக்காதே. டீட் கலந்த பூச்சித் தைலம் உதவும். விடுதிக்குத் திரும்பியதும் குளித்து உடையை மாற்று.

காய்ச்சல் வந்தால் “எனக்குக் காய்ச்சல்” என்பதோடு நிறுத்தாதே. “புல் வெட்டுகிறேன், இத்தனை நாள் முன்னே ஊருக்குப் போனேன்” என்பதையும் சேர்த்துச் சொல். வெறும் காய்ச்சல், தலைவலி, உடம்பு வலி என்றால் இங்கே முதலில் டெங்கியைத்தான் நினைப்பார்கள். ஸ்க்ரப் டைஃபஸிலும் பிளேட்லெட் குறையும் என்பதால் குழப்பம் இன்னும் கூடும். நீ சொல்லும் அந்த ஒரு வரிதான் மருத்துவரை வேறு பக்கம் யோசிக்க வைக்கும்.

மகன் தேசிய சேவையில் இருக்கிறான், வெளிநாட்டுக் காட்டில் பயிற்சி இருக்கிறதாம். எதைக் கவனிக்கச் சொல்ல வேண்டும்? (புக்கிட் பாத்தோக்)

கறுப்புப் பொருக்கு. அதை மட்டும் அவன் மறக்காமல் இருந்தால் போதும். குஞ்சு கடித்த இடத்தில் முதலில் சின்னக் கொப்புளம் வரும், பிறகு சிகரெட்டால் சுட்டது போலக் கறுத்துச் சுற்றிலும் சிவந்திருக்கும். மருத்துவர்கள் ‘எஸ்கார்’ என்பார்கள். வலிக்காது, பெரும்பாலும் அரிக்காது, அதனால்தான் யாரும் கவனிப்பதில்லை. அக்குள், தொடை இடுக்கு, இடுப்புப் பட்டை இறுகும் இடம், முழங்கால் பின்புறம், பெண்களுக்கு மார்பகத்தின் அடியில் என்று மறைவான இடமாகவே இருக்கும். வெட்கப்படாமல் மருத்துவரிடம் காட்டச் சொல்லுங்கள். எல்லாருக்கும் அது இருக்காது, இல்லை என்பதால் நோய் இல்லை என்றும் ஆகாது. உடம்பில் தடிப்பும் வரலாம், நம் நிறத்தில் அது சட்டென்று தெரியாது.

காய்ச்சல் கடித்து 6 முதல் 21 நாளுக்குள் வரும். பயிற்சி முடிந்து, வீட்டுக்கு வந்து, உங்கள் சாப்பாட்டைச் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போதுதான் தொடங்கும். விடுமுறையில் போகிறவர்களுக்கும் இதே கணக்குத்தான். தமிழ்நாட்டில் மழைக்காலத்திலும் அதை அடுத்த குளிர் மாதங்களிலும் இது அதிகம். நாம் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு ஊருக்குப் போவதும் அப்போதுதானே, பள்ளி விடுமுறை தொடங்கிப் பொங்கல்வரை. தைவானில் ஹுவாலியன், தைதுங் பக்கம் மலையேறப் போகிறவர்களும் இதை மனதில் வையுங்கள்.

மெத்தையில் இருக்கும் தூசு உண்ணியும் மைட்தானே? சிரங்கும் மைட்தானே? அவையும் மைட்-போர்ன் நோயா?

இல்லை. தூசு உண்ணி கடிக்காது, ஒவ்வாமைதான் தரும். சிரங்கில் அந்தச் சிற்றுண்ணியே தோலுக்குள் குடியேறுகிறது, வேறு கிருமியைச் சுமந்து வரவில்லை. சுமந்து வருவதற்குத்தான் ‘போர்ன்’ என்று பெயர். எலியின் சிற்றுண்ணியால் வரும் ரிக்கெட்ஸியல்பாக்ஸ் என்ற நோய் உண்டு, 1946இல் நியூயார்க்கில் கண்டறிந்தார்கள். நாம் பயப்பட வேண்டியது அதுவல்ல.

வீட்டில் மிச்சமிருந்த அமோக்ஸிசிலின் கொடுத்துப் பார்த்தேன், கேட்கவில்லை. (பிடோக்)

கேட்காது! தயவுசெய்து நிறுத்துங்கள். பென்சிலின் வகை மருந்துகள் கிருமியின் சுவரைத் தாக்குபவை, இந்தக் கிருமியோ நம் உடல் செல்லுக்குள் ஒளிந்து வாழ்வது. டாக்ஸிசைக்ளின் வேண்டும், கர்ப்பிணிகளுக்கு அஸித்ரோமைசின். சரியான மருந்து கொடுத்தால் பெரும்பாலும் இரண்டு நாளில் காய்ச்சல் இறங்கும். இறங்கியதும் மாத்திரையை நிறுத்திவிடாமல் சொன்ன நாள்வரை சாப்பிட வேண்டும்.

இரண்டாம் உலகப் போரில் பர்மாக் காடுகளில் சிப்பாய்கள் இதில் மடிந்தபோது கொடுக்க மருந்தே இல்லை. 1948இல் கோலாலம்பூரில்தான் குளோரம்ஃபெனிக்கால் இதைக் குணப்படுத்தும் என்று நிரூபித்தார்கள். 2023இல் வெளியான, வேலூர் சிஎம்சி மருத்துவர்கள் முன்னின்று நடத்திய ஆய்வு, நோய் முற்றியவர்களுக்கு டாக்ஸிசைக்ளினும் அஸித்ரோமைசினும் சேர்த்து நரம்பில் ஏற்றுவது தனித்தனியாகக் கொடுப்பதைவிட நல்லது என்று காட்டியது. இத்தனை வழி இருந்தும் தாமதித்தால் நுரையீரல், சிறுநீரகம், மூளை என்று பரவும். காய்ச்சல் விடவில்லையா, மூச்சு வாங்குகிறதா, பேச்சில் தடுமாற்றமா, காலைவரை காத்திருக்காமல் அவசர சிகிச்சைப் பிரிவுக்குப் போங்கள்.

அப்பாவுக்கு இந்த நோய். குழந்தைகளைப் பக்கத்தில் விடலாமா? ஊரிலிருந்து வந்த பெட்டியை என்ன செய்வது?

தாராளமாக விடலாம். மனிதரிடமிருந்து மனிதருக்குத் தொற்றாது. குஞ்சு தன் வாழ்நாளில் ஒரே ஒரு முறைதான் இப்படிக் கடிக்கும், சில நாளில் தானே உதிர்ந்துவிடும். வளர்ந்த சிற்றுண்ணி மண்ணில் இருக்கும், மனிதரைத் தொடாது. மழை பெய்ததும் ஊர் மண்ணில் ஊருமே சிவப்பு வெல்வெட் போலத் தம்பலப்பூச்சி, அதற்குச் சொந்தம்தான், அதுவும் ஒன்றும் செய்யாது. பெட்டியில் இருக்கும் துணிகளைச் சுடுதண்ணீரில் துவைத்து வெயிலில் காயப் போடுங்கள், போதும்.