ஹரளய்யாவின் சம்பந்தி

கேள்வி: லிங்காயத்து சாதியினர் தங்களைத் தனி மதமாக அறிவிக்கச் சொல்வது நியாயமா? சலுகைக்காகத்தானே கேட்கிறார்கள்?
— வாசகர், ஓசூர்

பதில்: நியாயம்தான். அதோடு முடித்திருப்பேன். ஆனால் 'சாதியினர்' என்று எழுதியிருக்கிறீர்களே, அதைத் தாண்டிப் போக மனம் வரவில்லை. உங்களைக் குறை சொல்லவில்லை. கர்நாடகத்தில் யாரைக் கேட்டாலும் அப்படித்தான் சொல்வார்கள், லிங்காயத்துகள் உட்பட. சாதியே கூடாது என்று கிளம்பிய கூட்டம் எப்படி ஒரு சாதியானது? எனக்கு அதுதான் பெரிய கேள்வி.

12-ஆம் நூற்றாண்டு. பீதர் மாவட்டத்தில் இன்று பசவகல்யாண் என்று வழங்கும் ஊர். கலச்சுரி மன்னன் பிஜ்ஜளனிடம் கருவூலத்தைக் கவனித்தவர் பசவண்ணர், லிங்காயத்துகள் தங்கள் குருவாகக் கொண்டாடுபவர். பிராமணக் குடும்பத்தில் பிறந்து பூணூலை உதறியவர். அவரைச் சுற்றிச் சேர்ந்தவர்களைப் பாருங்கள். படகோட்டி அம்பிகர சௌடய்யா, துணி வெளுக்கும் மடிவாள மாச்சய்யா, கயிறு திரிக்கும் நூலிய சந்தய்யா. பரத்தையாக இருந்த சங்கவ்வையும் வசனம் (அந்தக் கூட்டத்தார் கன்னடத்தில் எழுதிய உரைநடைக் கவிதை) எழுதியிருக்கிறார். சிந்திய அரிசியைப் பொறுக்கிப் பிழைத்த மாரய்யா ஒருநாள் வழக்கத்தைவிடக் கூடுதலாகக் கொண்டுவந்தபோது, இவ்வளவு ஆசை எதற்கு, கொண்டுபோய்த் திரும்பக் கொட்டிவிட்டு வா என்று அனுப்பிய அவர் மனைவி லக்கம்மாவும் அந்தக் கூட்டம்தான். உழைப்பே வழிபாடு என்று அவர்கள் சொன்னதற்கு இதைவிட நல்ல விளக்கம் எனக்குத் தெரியாது.

செருப்புத் தைக்கும் ஹரளய்யாவின் மகனுக்கும், பிராமணரான மதுவரசரின் மகளுக்கும் அங்கே திருமணம் நடந்தது. இருவரும் சரணர்கள் (பசவண்ணரின் வழியில் வந்த சிவனடியார்கள்), இருவர் உடலிலும் லிங்கம், அப்புறம் சாதி எங்கிருந்து வந்தது என்பது அவர்கள் கணக்கு. அரண்மனைக் கணக்கு வேறாக இருந்தது. தந்தைமார் இருவரையும் யானைக்காலில் கட்டி இழுத்துக் கொன்றார்கள் என்கிறது மரபு. தொடர்ந்து கலவரம், பிஜ்ஜளனும் கொல்லப்பட்டான், சரணர்கள் வசனச் சுவடிகளோடு திசைக்கு ஒருவராகச் சிதறினார்கள்.

இந்தப் பக்கத்தைத் தொடர்ந்து படிப்பவர்களுக்கு மண விளம்பரங்களோடு எனக்கிருக்கும் பழைய தகராறு தெரியும். வருஷக்கணக்காகத் திட்டி வருகிறேன். பதிலுக்கு வாங்கியும் வருகிறேன். ஒரு சமூகம் மேடையில் என்ன பேசுகிறது என்று நான் பார்ப்பதில்லை, மண விளம்பரத்தில் என்ன கேட்கிறது என்றுதான் பார்ப்பேன். லிங்காயத்து விளம்பரங்களைப் பாருங்கள். பஞ்சமசாலி, பணஜிகர், சாதர், காணிகர், ஜங்கமர் என்று உட்பிரிவு வாரியாக வரன் தேடுகிறார்கள். ஹரளய்யா பிறந்த, செருப்புத் தைக்கும் சமகாரர்களோடு சம்பந்தம் வைத்துக்கொள்ள எத்தனை பெரிய வீடுகள் முன்வரும்? அந்தத் திருமணத்துக்காக உயிரைக் கொடுத்தவர்களைத் தியாகிகள் என்று ஆண்டுதோறும் கொண்டாடிக்கொண்டே இதைச் செய்கிறார்கள் என்பதுதான் எனக்குத் தாங்கவில்லை.

அடுத்தது மக்கள்தொகைக் கணக்கு. மைசூரில் சூத்திரர் வரிசையில் எழுதியதை எதிர்த்து, 1891 கணக்கெடுப்பை ஒட்டி, எங்களையும் பிராமணர் என்று எழுதுங்கள் என மனுப் போட்டார்கள். பூணூலை உதறியவரின் பிள்ளைகள்! 1975-இல் ஹாவனூர் ஆணையம் பிற்பட்டோர் பட்டியலில் இவர்களைச் சேர்க்காதபோது கொதித்தார்கள். இன்று கர்நாடகத்தின் பிற்பட்டோர் இடஒதுக்கீட்டில் இவர்கள் வரும் 3பி பிரிவுக்கு 5 சதவீதம் இருக்கிறது. போதாது, இன்னொரு பிரிவான 2ஏ வேண்டும் என்று பஞ்சமசாலிகள் போராடுகிறார்கள். அவர்களில் காய்ந்த நிலத்தை நம்பியிருக்கும் ஏழை விவசாயிகள் ஏராளம், அதை மறுக்க மாட்டேன். ஆனால் 2ஏ-வில் ஏற்கெனவே இருக்கும் சின்னச் சின்னச் சமூகங்களின் தட்டில் கைவைக்காமல் அது நடக்காது. நிஜலிங்கப்பா முதல் பசவராஜ் பொம்மை வரை இத்தனை முதல்வர்களைக் கண்ட சமூகம் இதை யோசிக்க வேண்டாமா?

மடங்களைப் பற்றி நான் எழுதினாலே கோபக் கடிதங்கள் குவியும். துமகூரு சித்தகங்கா மடத்துச் சிவகுமார சுவாமி 2019-இல் 111 வயதில் மறைந்தார். சாதி மதம் பார்க்காமல் ஆயிரக்கணக்கான ஏழைப் பிள்ளைகளுக்குச் சோறும் படிப்பும் கொடுத்தவர். அவரை வணங்குகிறேன். உட்சாதிக்கு ஒரு பீடம் போடுவதை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. பஞ்சமசாலிகளுக்கு ஹரிஹரில் ஒன்று, கூடலசங்கமத்தில் ஒன்று. பசவண்ணர் ஐக்கியமான கூடலசங்கமத்தில்!

சரி, சலுகை. 2018 மார்ச்சில் சித்தராமையா அரசு சிறுபான்மை மத அந்தஸ்துக்குப் பரிந்துரை செய்தது; மத்திய அரசு ஏற்கவில்லை. கிடைத்திருந்தால் முதல் லாபம் கல்லூரி நடத்தும் நிர்வாகங்களுக்கு. லிங்காயத்து தலித்துகளுக்கோ சிக்கல்தான்: 1950 ஆணையின்படி இந்து, சீக்கியர், பௌத்தர் மட்டுமே பட்டியல் சாதியில் வர முடியும். இதற்கு வழி சொல்லாமல் தனி மதம் கேட்பவர்களிடம் எனக்குச் சண்டை உண்டு. கோரிக்கையின் அடிப்படை மட்டும் சரியானது. வேதத்தை ஏற்காமல், கோயிலுக்குப் பதில் கழுத்தில் லிங்கம் அணிந்து, தீட்டை மறுத்து, பெண்ணுக்கும் தீட்சை கொடுத்து, இறந்தவரை எரிக்காமல் புதைக்கும் மரபு தன்னைத் தனி மதம் என்று சொல்லிக்கொண்டால், இல்லை என்று சொல்ல நாம் யார்?

இவ்வளவும் இன்று நமக்குத் தெரிவதற்குப் பெரிய காரணம் பிஜாப்பூரில் இருந்த ஒரு வக்கீல், ஃபகீரப்பா ஹளகட்டி. நம் உ.வே.சா. போல வீடு வீடாகப் போய்ச் சுவடி சேர்த்தவர். 1923-இல் வசனத் தொகுப்பை வெளியிட்டார். சொந்த வீட்டை விற்று அச்சகம் வைத்தார். 1926-இல் 'சிவானுபவ' இதழைத் தொடங்கினார். பத்திரிகை நடத்துகிறவன் என்பதால் அந்த வீடு விற்ற கதை என்னை விடுவதே இல்லை. வசனப் பதிப்பில் பின்னால் வந்தவர் எம்.எம். கல்புர்கி, 15 தொகுதிகளாக வந்த முழுப்பதிப்புக்கு அவர்தான் தலைமைப் பதிப்பாசிரியர். 2015 ஆகஸ்ட் 30 அன்று தார்வாட்டில் அவருடைய வீட்டிலேயே அவரைச் சுட்டுக் கொன்றார்கள். ஓசூர்க்காரர் நீங்கள், கன்னடம் படிக்கத் தெரிந்திருக்கலாம். அந்தத் தொகுதிகளில் ஒன்றையாவது வாங்குங்கள். லக்கம்மாவிலிருந்து தொடங்குங்கள்.