பக்கத்து வீட்டுக் கமரா எங்கள் கிணற்றடியைப் பார்க்கிறது

கேள்வி: கொக்குவிலில் இருக்கிறோம். பக்கத்து வீட்டு மாடியில் சிசிரிவி கமரா பூட்டியிருக்கிறார்கள். எங்கள் கிணற்றடி அதற்குள் விழுகிறது, அம்மா குளிப்பது அங்கேதான். அவர்களுடைய மகன் கனடாவிலிருந்து போனில் பார்ப்பாராம். கேட்டால், "கள்ளருக்குத்தானே பூட்டினது" என்கிறார்கள். சட்டம் ஏதும் இல்லையா?

பதில்: சட்டம் இருக்கிறது, ஆனால் உங்களுக்கு அவ்வளவு கைகொடுக்காது. இலங்கையின் 2022ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம், ஒருவர் முற்றிலும் வீட்டுத் தேவைக்காகக் கையாளும் தரவுகளுக்குப் பொருந்தாது. அயல் வளவும் படத்தில் விழுந்தால் அது வீட்டுத் தேவைதானா என்று வாதாடலாம். செக் நாட்டில் ஒரு வீட்டுக் கமரா தெருவையும் எதிர்வீட்டு வாசலையும் பிடித்ததால், அந்த விலக்கு அதற்குக் கிடையாது என்று 2014இல் ஐரோப்பிய ஒன்றிய நீதிமன்றம் சொன்னது. ஆனால் அந்தத் தீர்ப்பு இங்கே யாரையும் கட்டுப்படுத்தாது.

ஆகவே கமராவிலேயே தீர்வைத் தேடுங்கள். பெரும்பாலான டிவிஆர்களில் (கமராப் படத்தைப் பதியும் கருவி) 'பிரைவசி மாஸ்க்' என்று ஒரு வசதி உண்டு. திரையில் கிணற்றடி தெரியும் இடத்தில் ஒரு பெட்டி வரைந்துவிட்டால், பதிவிலும் அந்த இடம் கறுப்புத்தான், கனடாவிலும் கறுப்புத்தான். அவர்களுடைய கேற்றும் முற்றமும் வழமைபோலத் தெரியும். பூட்டின பெடியன் "மோஷன் ஏரியாவிலிருந்து எடுத்துவிட்டேன்" என்றால் விட்டுவிடாதீர்கள். அங்கே ஆள் அசைந்தால் அலேர்ட் வராது, அவ்வளவுதான். நேரடிப் படம் வந்துகொண்டேயிருக்கும். லென்ஸில் ரேப் ஒட்டுவதும் சரிவராது. இரவில் கமராவின் அகச்சிவப்பு ஒளி அதில் பட்டுத் தெறித்துப் படம் வெளிறிவிடும், மறுநாளே உரித்துவிடுவார்கள். மலிவான வைஃபை கமராவில் மாஸ்க் இல்லாவிட்டால், அதைத் தாழ்த்தித் திருப்பிப் பூட்டச் சொல்லுங்கள். மாடியிலிருந்து பார்க்கும் கமராவுக்குக் கிடுகு வேலி காணாது; அதோடு, மறைந்து திரியவேண்டியவர் அம்மாவும் இல்லை.

இதை அந்த மகனோடு வட்ஸ்அப்பில் நேரே கதையுங்கள். வீட்டில் இருக்கும் பெரியவர்களுக்குப் பாஸ்வேர்ட்கூடத் தெரிந்திருக்காது. மாஸ்க் போட்டபிறகு ஒருவரைக் கிணற்றடியில் நிற்கவைத்து, அவர்களுடைய போனில் நீங்களே பாருங்கள். மைக் இருந்தால் நிறுத்தச் சொல்லுங்கள். பூட்டினவரின் போனில் இன்னும் அந்தக் கணக்கு இருக்கிறதா, பாஸ்வேர்டை மாற்றினார்களா என்றும் கேளுங்கள். 2016இல் மிராய் என்ற தீநிரல் மாற்றாமல் விட்ட பாஸ்வேர்ட்களை வைத்துத்தான் கமராக்களையும் டிவிஆர்களையும் கூட்டமாகக் கைப்பற்றியது.

மறுத்தால் மத்தியஸ்த சபைக்குப் போகலாம், அங்கே சட்டத்தரணி தேவையில்லை. ஆனால் குளிக்கும் காட்சி எதையாவது எடுத்து யாருக்காவது அனுப்பியது தெரிந்தால் மத்தியஸ்தம் பேசிக்கொண்டு நிற்காதீர்கள். நேரே பொலிஸில் முறைப்பாடு கொடுங்கள்.