மூன்று கடனும் ஆகஸ்ட்டில்தான் பிறந்திருக்கின்றன

கேள்வி (சுருக்கப்பட்டது): வயது 31. பிறந்தது புதுச்சேரி. பதிமூன்று வயதில் அப்பாவோடு பிரான்ஸ் போனேன். பிரெஞ்சுக் குடியுரிமை, இந்தியாவுக்கு ஓ.சி.ஐ. அட்டை (வெளிநாட்டுக் குடியுரிமை பெற்ற இந்திய வம்சாவளியினருக்குத் தருவது). எட்டு சீசனாகக் கூடைப்பந்துதான் தொழில். பிரான்ஸில் மூன்றாம் நிலை லீக்கில் தொடங்கி லக்ஸம்பர்க், போர்ச்சுகல், ருமேனியா என்று ஆறு கிளப் மாறிவிட்டேன். மனைவி, ஐந்து வயது மகள், அம்மா மூவரும் இலாசுப்பேட்டையில் இருக்கிறார்கள். வரும் சீசனுக்கு மாதம் 3,200 ஈரோ கைக்கு வரும்படி ஒன்பது மாத ஒப்பந்தம் போன வாரம் கையெழுத்தானது.

2020 ஆகஸ்ட்டில் வீட்டுக் கடன் 40 லட்சம், தவணை 40,000. 2022 ஆகஸ்ட்டில் கார் கடன், தவணை 14,000. அக்கா வீட்டுக்காரரின் பண்ருட்டி முந்திரி ஆலைக்காக 2023 ஆகஸ்ட்டில் எங்கள் வீட்டின் மேலேயே என் பெயரில் 20 லட்சம், தவணை 33,700. மாமா ஐந்து தவணை கட்டினார், பிறகு நான்தான் கட்டுகிறேன். இப்போது இன்னொரு 25 லட்சத்துக்கு ஜாமீன் கையெழுத்துக் கேட்கிறார். அதில் ஒரு பங்கில் முந்திரித் தோப்பு ஒன்றை என் பெயரிலேயே வாங்கிவிடலாம் என்கிறார். மறுத்தால் அக்கா மனசு கஷ்டப்படும். வருடா வருடம் ஆடியில் மனைவியின் ஆரம் அடகுக்குப் போகிறது, இந்த முறை 3 லட்சத்துக்கு. நண்பர் ஒருவர் வருடம் 5 லட்சம் வீதம் பத்து வருடம் கட்டும் யூலிப் திட்டம் (காப்பீடும் முதலீடும் சேர்ந்தது) எடுக்கச் சொல்கிறார். ஈரோவில் சம்பாதித்தும் கையில் ஏன் ஒன்றும் நிற்கவில்லை? எதில் முதலீடு செய்யட்டும்?

பெயர் வேண்டாம், இலாசுப்பேட்டை

பதில்: தம்பி, முதலீட்டுக் கேள்வியைக் கொஞ்சம் தள்ளி வைப்போம். உங்கள் கடிதத்தில் என் கண்ணில் முதலில் பட்டது தேதிகள்தான். வீடு, கார், மாமாவின் ஆலை என்று மூன்று கடனும் ஆகஸ்ட்டில் பிறந்திருக்கின்றன. ஆகஸ்ட் என்பது உங்கள் தொழிலில் ஒப்பந்தம் கையெழுத்தாகும் காலம். சீசனின் முதல் சம்பளம் வருவதற்குள் ஒரு கடன் வந்துவிடுகிறது. இதோ மறுபடி ஆகஸ்ட், மறுபடி ஒப்பந்தம், மறுபடி ஒரு ஜாமீன் பத்திரம். உங்களைக் கரைப்பது இந்தப் பழக்கம்தான்.

2023-ல் நடந்ததை நீங்களே இரண்டு வரியில் எழுதியிருக்கிறீர்கள். ஆகஸ்ட்டில் ஒப்பந்தம், அதைக் காட்டி 20 லட்சம் கடன். செப்டம்பரில் கிளப் டாக்டர் முழங்காலைப் பார்த்துவிட்டு ‘தேறவில்லை’ என்றதும் ஒப்பந்தம் ரத்து. நவம்பரில்தான் வேறு கிளப், 2,800 ஈரோவுக்கு ஆறு மாதம். ஒப்பந்தம் போனது, கடன் மட்டும் நின்றது.

ஒரு ஈரோவை 100 ரூபாய் என்றே வைத்துக்கொள்வோம், கணக்குக்கு அது போதும். நீங்கள் எழுதியபடி 2022-23 சீசனில் 3,000 ஈரோ வீதம் ஒன்பது மாதம், 27 லட்சம் முழுசாக வந்தது. அடுத்த சீசனில் ரத்தான ஒப்பந்தமும் 27 லட்சத்துக்குத்தான், வந்தது 16.8 லட்சம். போன சீசனில் மறுபடி 27 லட்சத்துக்கு ஒப்பந்தம், கடைசி ஒன்றரை மாதச் சம்பளத்தைக் கிளப் தரவில்லை, ஆக 22.5 லட்சம். மூன்று வருடத்தில் காகிதத்தில் இருந்தது 81 லட்சம், கைக்கு வந்தது 66.3 லட்சம். நூற்றுக்குப் பதினெட்டு ரூபாய் வழியிலேயே போய்விட்டது. சராசரியாக வருடத்துக்கு 22.1 லட்சம்.

செலவு என்ன? மூன்று தவணையும் சேர்ந்து மாதம் 87,700, வருடத்துக்குப் பத்தரை லட்சம். வீட்டுச் செலவு நீங்கள் சொன்னபடி மாதம் 45,000, அது 5.4 லட்சம். கிளப் தங்குமிடம் கொடுத்தாலும் சாப்பாடு, போக்குவரத்து, போன் என்று உங்களுக்கு அங்கே 700 ஈரோ, ஒன்பது மாதத்துக்கு 6.3 லட்சம். மொத்தம் 22.2 லட்சம். வருவது 22.1, போவது 22.2. கையில் ஏன் நிற்கவில்லை என்று கேட்டீர்களே, இவ்வளவுதான் விஷயம்.

சம்பளமில்லாத மூன்று மாதத்தையும் பாருங்கள். அந்த நாட்களில் தவணையும் வீட்டுச் செலவுமாக மாதம் 1.33 லட்சம் போகிறது, மூன்று மாதத்துக்கு 4 லட்சம். இந்தப் பள்ளத்தை நிரப்பத்தான் ஆரம் அடகுக்கடைக்குப் போகிறது. மாமாவின் கடனுக்கு நீங்கள் வருடத்துக்குக் கட்டுவது எவ்வளவு? 33,700-ஐப் பன்னிரண்டால் பெருக்குங்கள், அதுவும் 4 லட்சம். ஆடியில் போய்க் கார்த்திகையில் திரும்புகிற அந்த ஆரம், பண்ருட்டி ஆலைக்காகத்தான் போய் வருகிறது. இதை உங்கள் மனைவி கணக்குப் போட்டுப் பார்த்திருப்பார், உங்களிடம் சொல்லாமல் இருக்கிறார் என்றே எனக்குத் தோன்றுகிறது.

ஜாமீனுக்கு வருகிறேன். இந்திய ஒப்பந்தச் சட்டம், 1872-ம் வருடத்தது. அதன் 128-வது பிரிவுப்படி, பத்திரத்தில் வேறு மாதிரி எழுதாதவரை, கடன் வாங்கியவருக்கு என்ன பொறுப்போ அதே பொறுப்பு ஜாமீன்தாரருக்கும். ‘முதலில் அவரிடம் கேளுங்கள், அப்புறம் என்னிடம் வாருங்கள்’ என்று வங்கியிடம் சொல்ல முடியாது. நேராக உங்களிடம் வரலாம். உங்கள் வீடு ஏற்கெனவே அடமானத்தில் இருக்கிறது. தவணை 90 நாள் தாண்டினால் வாராக்கடன், அதன்பின் அடமானச் சொத்தை வங்கி எடுத்துக்கொள்ள வழிசெய்யும் சர்ஃபேசி சட்டத்தில் 60 நாள் நோட்டீஸ், பிறகு வீட்டைக் கையகப்படுத்தலாம், நீதிமன்றத்தில் வழக்குப் போட்டு ஜெயித்துவிட்டு வர வேண்டும் என்றுகூட இல்லை. என் அப்பா ஒரு நண்பருக்கு ஜாமீன் போட்டவர். எங்கள் வீட்டுக் கதவில் பசை தடவி நோட்டீஸ் ஒட்டியபோது எனக்குப் பன்னிரண்டு வயது. அந்தப் பசைத் தடம் கதவில் ரொம்ப நாள் இருந்தது. அதனால் இந்த விஷயத்தில் என் குரல் கொஞ்சம் உயர்ந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்: கையெழுத்துப் போடாதீர்கள்.

தோப்பு விஷயம் இன்னும் சுலபம். ஓ.சி.ஐ. அட்டைக்காரரான நீங்கள் இந்தியாவில் வீடு வாங்கலாம், கடை வாங்கலாம். விவசாய நிலம், தோட்டம், பண்ணை வீடு மூன்றையும் விலைக்கு வாங்க அந்நியச் செலாவணி விதி இடம் கொடுக்கவில்லை. பாட்டன் சொத்தாக வந்தால் வைத்துக்கொள்ளலாம், அது வேறு. மீறினால் சம்பந்தப்பட்ட தொகையைப்போல் மூன்று மடங்கு வரை அபராதம் விதிக்கலாம். மாமா இதைத் தெரிந்தே சொன்னார் என்று நான் நினைக்கவில்லை. ஆனால் மறுப்பதற்கு ஒரு நேரான காரணம் உங்களுக்குக் கிடைத்துவிட்டது.

அவரிடம் நீங்களே பேசுங்கள். அக்காவையோ மனைவியையோ நடுவில் தூது அனுப்பாதீர்கள். ‘மாமா, சட்டப்படி நான் தோப்பு வாங்க முடியாது. ஜாமீன் போட என் ஒப்பந்தத்தில் பலமில்லை, 2023-ல் ஒரு மாதத்தில் ரத்தானது உங்களுக்கே தெரியும். பழைய கடனில் இன்னும் 15.7 லட்சம் இருக்கிறது. மாதம் 15,000 ரூபாயாவது உங்கள் கணக்கிலிருந்து நேராக அந்தக் கடன் கணக்குக்குப் போகிற மாதிரி வங்கியில் எழுதிக் கொடுங்கள்.’ இவ்வளவு போதும். முந்திரி உடைக்கும் தொழிலைக் கேவலமாக நினைத்துச் சொல்லவில்லை. பண்ருட்டிப் பக்கம் எத்தனையோ குடும்பங்களுக்கு அதுதான் சோறு. ஆனால் வெளிநாட்டிலிருந்து வரும் கொட்டையின் விலை ஏறி இறங்கும்போது ஆலைக்காரருக்கே மூச்சு வாங்கும். அந்த ஏற்ற இறக்கத்தை, முழங்காலை நம்பிப் பிழைக்கிற நீங்கள் தோளில் ஏற்றிக்கொள்ள முடியாது.

இனி சம்பளத்தைப் பார்க்கிற விதம் மாற வேண்டும். 3,200 ஈரோவை ஒன்பதால் பெருக்கினால் 28,800. அதைப் பன்னிரண்டால் வகுத்தால் 2,400. உங்கள் மாதச் சம்பளம் 2,400 ஈரோ. வீட்டில் கேட்டாலும் ஊரில் கேட்டாலும் அதையே சொல்லுங்கள், அதுதான் உண்மையும்கூட. மாதாமாதம் 800 ஈரோவை அங்கேயே ஒரு தனிக் கணக்கில் போடுங்கள், ஊருக்கு அனுப்பாதீர்கள். ஒன்பது மாதத்தில் 7,200, அதாவது கோடைக்கு மூன்று மாதச் சம்பளம். இந்தப் பணத்துக்கு வட்டி தேடி அலைய வேண்டாம். வெளிநாட்டில் இருப்பவர்களுக்கான என்.ஆர்.இ. வைப்பில் குறைந்தது ஒரு வருடம் கிடந்தால்தான் வட்டி, உங்களுக்கு இது ஜூனில் வேண்டும். 2,400-ல் உங்கள் 700 போக, ஊருக்கு 1,700 ஈரோ. வீட்டுக் கடன், மாமா கடன், வீட்டுச் செலவு மூன்றுக்கும் 1.19 லட்சம் போக மாதம் 50,000 மிஞ்சும். அதை மாமா பெயரில் உள்ள கடனுக்கு, இல்லை, உங்கள் பெயரில் உள்ள மாமாவின் கடனுக்குக் கூடுதலாகக் கட்டுங்கள். முன்கூட்டிக் கட்டினால் அபராதம் உண்டா என்று பத்திரத்தைப் பார்த்துக்கொள்ளுங்கள். சம்பளம் தவறாமல் வந்தால் இரண்டு வருடத்துக்குள் அந்தக் கடன் முடியும். மாமா கட்டுவது வந்தால் இன்னும் சீக்கிரம்.

இதில் கார் தவணையைச் சேர்க்கவில்லை என்று கவனித்திருப்பீர்கள். மனைவி ஸ்கூட்டரில்தான் பள்ளிக்குப் போய் வருகிறார், கார் ஒன்பது மாதம் உறை போட்டு நிற்கிறது என்று எழுதியிருக்கிறீர்கள். விற்றுவிடுங்கள். ஊருக்கு வரும்போது வாடகைக் கார் எடுத்துக்கொண்டால் தாராளமாகப் போதும்.

ஒப்பந்தத்தைப் பற்றி. சர்வதேசக் கூடைப்பந்துச் சம்மேளனமான ஃபிபா 2007-ல் தொடங்கிய நடுவர் தீர்ப்பாயம் ஒன்று இருக்கிறது. ‘தகராறு வந்தால் அங்கே போவோம்’ என்று ஒப்பந்தத்திலேயே எழுதியிருந்தால்தான் அது வழக்கை எடுக்கும். தீர்ப்பை மதிக்காத கிளப்புக்குப் புதிய ஆட்டக்காரரைப் பதிவு செய்யத் தடை வரலாம், அந்தப் பயம் இருக்கிறது. உங்கள் புதிய ஒப்பந்தத்தில் அந்த வரி இருக்கிறதா என்று இன்றே பாருங்கள். இல்லையென்றால் விமானம் ஏறுவதற்கு முன்பே ஏஜென்ட்டிடம் சொல்லிச் சேர்க்கச் சொல்லுங்கள். கூடவே, ஆட்டத்தில் காயம்பட்டால் சம்பளம் தொடருமா, மருத்துவச் சோதனை எத்தனை நாளுக்குள் என்பதும் எழுத்தில் வேண்டும். பழைய கிளப்பின் 4,500 ஈரோ பாக்கியை முதலில் ஏஜென்ட் வழியாக எழுத்தில் கேளுங்கள். தீர்ப்பாயத்துக்குக் கட்டணம் உண்டு, அது போக என்ன மிஞ்சும் என்று பார்த்துவிட்டு இறங்குங்கள். சில கிளப்புகள் சம்பளத்தில் ஒரு பகுதியை விளம்பர உரிமைத் தொகை என்று எழுதும். அது சம்பளச் சீட்டில் ஏறாமல் போனால் ஓய்வூதியக் கணக்கிலும் ஏறாது. ஐரோப்பிய ஒன்றிய நாடுகளில் வேலை செய்த காலங்களை ஓய்வூதியத்துக்குச் சேர்த்துக் கணக்கிடும் விதி உண்டு. எட்டு வருடச் சம்பளச் சீட்டுகளையும் தேடி எடுத்து ஒரே கோப்பில் வையுங்கள்.

யூலிப் வேண்டாம். உங்கள் கால் இன்னும் நாலைந்து சீசன் தாங்கினால் பெரிது, அதற்குப் பத்து வருடப் பிரீமியமா? முதல் ஐந்து வருடம் பணத்தை வெளியே எடுக்க முடியாது, வருடப் பிரீமியம் இரண்டரை லட்சம் தாண்டினால் முதிர்வில் வரிச் சலுகையும் இல்லை. அடகுக்கடை ரசீதைக் கையில் வைத்திருப்பவரிடம் இதை விற்க வருகிறவரின் நட்பை நான் சந்தேகிக்கவில்லை, கணக்கைச் சந்தேகிக்கிறேன். அந்த 5 லட்சத்தில் ஒரு சின்னப் பங்கில் ஒரு கோடிக்கு டேர்ம் பாலிசி, அதாவது முதலீடு கலக்காத வெறும் ஆயுள் காப்பீடு, எடுங்கள். விபத்துக் காப்பீடு எடுக்கும்போது தொழில்முறை விளையாட்டில் படும் காயத்துக்குப் பணம் உண்டா என்று எழுத்தில் கேளுங்கள், பல பாலிசிகளில் அது விலக்கு. புதிதாகச் செலவு செய்ய நான் ஒப்புக்கொள்வது பயிற்சியாளர் படிப்பு ஒன்றுக்குத்தான். 2015-ல் அமெரிக்கக் கூடைப்பந்து லீக்கான என்.பி.ஏ.வின் ஆட்டக்காரர் தேர்வில் டல்லாஸ் மாவெரிக்ஸ் அணி 52-வது ஆளாகத் தேர்ந்தெடுத்தபோது இந்தியாவே கொண்டாடிய சத்னாம் சிங், ஒரு என்.பி.ஏ. ஆட்டம்கூட ஆடவில்லை, பிறகு மல்யுத்தக் களத்துக்குப் போனார். அவருக்கே அப்படி என்றால், அடுத்த வேலைக்கான சீட்டை இப்போதே வாங்கி வைப்பதில் தவறில்லை.

காருக்கு ஆறரை லட்சம் கிடைத்தால், பாக்கி இருக்கும் சுமார் 3.1 லட்சத்தை அடைத்ததுபோக 3.4 லட்சம் கையில் நிற்கும். வேறு எதற்கும் தொடாமல், அடகு ரசீதை எடுத்துக்கொண்டு மனைவியோடு நேராகக் கடைக்குப் போய் ஆரத்தை மீட்டுவிட்டு விமானம் ஏறுங்கள். இந்த முறை கார்த்திகை வரை காத்திருக்க வேண்டாம்.