அத்தை மகளின் பிள்ளை யார்?

வணக்கம் சார்,

கோத்தகிரி பக்கம் ஒரு தேயிலைத் தொழிற்சாலையில் வேலை பார்க்கிறேன். நீங்கள் அடிக்கடி சொல்வதால் ரிவர்ஸ் என்ற ஆங்கிலேயர் 1906இல் நீலகிரிப் பழங்குடிகளான தோடர்களைப் பற்றி எழுதிய ஆங்கில நூலை இணையத்தில் இறக்கிப் படித்தேன். எழுநூறு பக்கத்துக்கு மேல் போகிறது. முன்பாதி முழுக்க எருமையும், பால்மனை என்னும் அவர்களுடைய பால்கோயிலின் சடங்கும். பிறகு உறவுமுறை. கடைசியில் வெறும் பெயர்கள் கொண்ட அட்டவணைகள், அவற்றை விட்டுவிட்டேன். வெள்ளைக்காரர் ஒருவர் நூறு வருடத்துக்கு முன் எழுதியதை இன்று நாம் ஏன் படிக்க வேண்டும்? முத்தநாடு மந்து என்ற தோடர் குடியிருப்பு ஊட்டியிலேயே இருக்கிறது, நேரில் போய்ப் பார்த்தால் ஆகாதா? பண்பாட்டையும் மனிதரையும் புரிந்துகொள்ள இப்படிப்பட்ட நூல்கள் வேண்டும் என்கிறீர்கள். ஒரு நல்ல நாவல் தராத எதை இவை தருகின்றன? நான் தொடங்குவதற்கு வேறு எளிய நூல் இருந்தால் சொல்லுங்கள்.

ம.

அன்புள்ள ம.,

‘அட்டவணைகளை விட்டுவிட்டேன்’ என்று போகிற போக்கில் ஒரு வரி எழுதியிருக்கிறீர்கள். அந்த ஒரு வரிக்காகத்தான் இந்தப் பதில்.

மற்றவற்றை முதலில் முடித்துவிடுகிறேன். எழுதியவர் வெள்ளைக்காரர் என்பது படிக்காமல் இருப்பதற்குக் காரணம் ஆகாது. கவனமாகப் படிப்பதற்குத்தான் காரணம். மந்துக்குத் தாராளமாகப் போங்கள். வளைந்த கூரையைப் பார்க்கலாம், மனம் இருந்தால் நியாய விலை கொடுத்து தோடர்களின் பூவேலைச் சால்வையான பூத்துக்குளி ஒன்று வாங்கலாம். ஆனால் அங்கே இருப்பவர்கள் உங்கள் ஐயம் தீர்க்க உட்கார்ந்திருக்கவில்லை. நாவலை இந்தப் பேச்சில் இழுக்காதீர்கள், அது வேறு வேலை.

இனி அட்டவணை. உங்கள் தொழிற்சாலையில் ஒரு நாள் தூளின் தரம் இறங்கிவிட்டால் என்ன செய்வீர்கள்? இலை எத்தனை மணிக்கு வந்தது, எத்தனை மணி நேரம் வாடக் கிடந்தது என்று பதிவேட்டைத்தானே புரட்டுவீர்கள்? மேலாளர் எழுதிய ஆண்டறிக்கையைப் படித்துக்கொண்டா இருப்பீர்கள்? ரிவர்ஸ் நூலின் முன்பகுதி ஆண்டறிக்கை மாதிரி. பதிவேடு கடைசியில் இருக்கிறது, 72 வம்சாவளிகள். முன்னால் அவர் சொல்வது சரியா தவறா என்று நீங்களே சோதிக்க வேண்டிய இடம் அது. அதைத்தான் தள்ளிவிட்டு வந்திருக்கிறீர்கள்.

ரிவர்ஸ் மருத்துவர், உளவியல் சோதனைகளில் பழகியவர். 1898இல் ஆஸ்திரேலியாவுக்கு வடக்கே உள்ள டோரஸ் நீரிணைத் தீவுகளுக்குப் போன கேம்பிரிட்ஜ் குழுவில் இருந்தார். பார்வைத்திறன் போன்றவை பரம்பரையாக வருகின்றனவா என்று பார்க்கத்தான் அங்கே வம்சாவளி எழுதத் தொடங்கினார். எழுதி முடித்தபோது கண் பின்னால் போய்விட்டது, யார் யாரை மணக்கலாம், நிலம் யாருக்குப் போகும் என்பதெல்லாம் அந்தத் தாளில் முன்னால் வந்து நின்றது. அதே முறையோடு 1901-02இல் சில மாதங்கள் நீலகிரியில் இருந்தார். தோடா மொழி தெரியாது. எல்லாமே மொழிபெயர்ப்பாளர் வழியாக.

மொழி தெரியாதவர் எப்படிக் கேட்பது? அவருடைய வழி இது: உறவைக் கேட்காதே, பெயரைக் கேள். அப்பா, அம்மா, பிள்ளை, கணவன், மனைவி என்ற சில சொற்களைத் தவிர வேறு எந்த உறவுச் சொல்லையும் வாயில் எடுக்கக் கூடாது. ‘உன்னைப் பெற்றவள் பெயர் என்ன? அவள் பெற்ற பிள்ளைகள், மூத்ததிலிருந்து, யார் யார்?’ இப்படியே மேலும் பக்கவாட்டிலும் போய்த் தாளை நிரப்ப வேண்டும். நிரம்பிய பிறகு ஒவ்வொரு பெயரையும் தொட்டு, ‘இவரை நீ என்ன முறை சொல்லிக் கூப்பிடுவாய்?’ என்று கேட்க வேண்டும். பிறகு திருப்பி, ‘அவர் உன்னை?’

இந்தச் சுற்றுவழி எதற்கு என்றால், கோத்தகிரி பேருந்து நிலையத்தில் நிற்கும் ஒருவரிடம் ‘அண்ணன் தம்பி எத்தனை பேர்?’ என்று கேட்டுப் பாருங்கள். பெரியப்பா பையன்கள், சித்தப்பா பையன்கள் எல்லாரையும் சேர்த்து ஆறு என்பார். கேட்டவர் அதை ‘பிரதர்’ என்று ஆங்கிலத்தில் குறித்துக்கொண்டு போனால், ஒரு தாய் வயிற்றில் ஆறு ஆண்பிள்ளைகள் என்று கணக்கு ஏறிவிடும். சொன்னவர் பொய் சொல்லவில்லை. எழுதியவரும் சோம்பேறி இல்லை. சொல் இடம் மாறிவிட்டது, அவ்வளவுதான்.

தோடர்களிடம் இன்னொரு சிக்கல் இருந்தது. இறந்துபோன தம் உறவினரின் பெயரை அவர்கள் சொல்ல மாட்டார்கள். ஆகவே ஒரு குடும்பத்தின் முன்னோர் பெயர்களை வேறு குடும்பத்தாரிடம் கேட்டு வாங்கினார். அட்டவணையில் பெரிய எழுத்தில் இருப்பவை ஆண்களின் பெயர்கள். அவற்றில் எத்தனையோ, அவரவர் வீட்டில் உச்சரிக்கப்படாத பெயர்கள். நீங்கள் ‘வெறும் பெயர்கள்’ என்கிறீர்கள்!

இதற்கு விலையும் இருந்தது. புனிதமான இடங்களையும் சடங்குகளையும் அவருக்குக் காட்டிக்கொடுத்தவர்களில் ஒருவர் நோயில் விழுந்தார், இன்னொருவரின் மனைவி இறந்தார். சொல்லக்கூடாததைச் சொன்னதன் பலன் என்று ஊர் எடுத்துக்கொண்டது. அதன்பின் பலர் வாயை மூடிக்கொண்டார்கள். ரிவர்ஸ் இதை மறைக்காமல் எழுதியிருக்கிறார். நீங்கள் கேட்ட வெள்ளைக்காரர் கேள்வியை இந்த இடத்தில் வைத்துக் கேட்டிருந்தால் நான் எழுந்து நின்று பதில் சொல்லியிருப்பேன்.

அந்தத் தாளில் ‘அப்பா’ என்ற கட்டத்தில் யாரை எழுதுவது என்று பாருங்கள். அண்ணன் தம்பிகள் ஒரே பெண்ணை மணக்கும் வழக்கம் அன்று இருந்தது. முதல் கர்ப்பத்தின் ஏழாம் மாத வாக்கில் அவர்களில் ஒருவர் அந்தப் பெண்ணுக்குக் குச்சி வில்லும் புல் அம்பும் கொடுப்பார். பிறக்கும் பிள்ளைக்கு அவரே தகப்பன். அடுத்தடுத்த பிள்ளைகளுக்கும் அவரே, வேறொருவர் வில் கொடுக்கும் வரை. நடுவில் அவர் இறந்துபோனாலும் பிறக்கும் பிள்ளை அவர் பிள்ளைதான். ரத்தம் தகப்பனைத் தீர்மானிக்கவில்லை, வில் தீர்மானித்தது. ‘பல கணவர் மணம்’ என்ற மூன்று சொல்லைச் சுற்றுலாக் கையேட்டில் படித்துச் சிரித்துவிட்டுப் போகிறவருக்கு இது கிடைக்காது.

இதில் நம் ஆட்களுக்கு ஓர் அனுகூலம் இருக்கிறது, அதைத்தான் வீணாக்குகிறீர்கள். அமெரிக்கரான மார்கன் 1871இல் உலகம் முழுவதும் உறவுச் சொற்களைத் திரட்டி ஒரு பெரிய நூல் வெளியிட்டார். இருநூறுக்கும் மேற்பட்ட கேள்விகள் கொண்ட படிவம் அனுப்பி வாங்கியவை. தமிழ்ச் சொற்கள் மிஷனரிகள் வழியாகப் போயின. தமிழும், அமெரிக்கப் பழங்குடியான செனகாக்களின் முறையும் ஒத்திருப்பதைக் கண்டு, அவர்கள் ஆசியாவிலிருந்து போனவர்கள் என்பதற்கு அதையே சான்றாக்கினார். ஒற்றுமை உண்மைதான். இரண்டிலும் பெரியப்பாவும் அப்பா மாதிரி, சித்தியும் அம்மா மாதிரி.

ஆனால் ஒரு வரிசை கீழே இறங்கிப் பாருங்கள். நீங்கள் ஆண். உங்கள் அத்தை மகளின் பிள்ளை உங்களுக்கு என்ன முறை? யோசிக்கவே வேண்டாம், பிள்ளை முறை. அவன் உங்களைச் சித்தப்பா என்பான், பெரியப்பா என்பான். அத்தை மகனின் பிள்ளை? மருமகன், உங்களை மாமா என்பான். செனகாவில் இது அப்படியே தலைகீழ். அங்கே அத்தை மகளின் பிள்ளை மருமகன், அத்தை மகனின் பிள்ளை மகன். காரணம் எளிது. நமக்கு அத்தை மகள் கட்டிக்கொள்ளும் முறை, ஆகவே அவள் பிள்ளை நம் பிள்ளை. அங்கே அந்தக் கணக்கு இல்லை. ஒற்றுமைக்குக் கொடுத்த எடையை மார்கன் இந்த வேறுபாட்டுக்குக் கொடுக்கவில்லை. இது அவருடைய அட்டவணையிலேயே கிடந்தது. கோத்தகிரி சந்தையில் வெங்காயம் விற்கும் பாட்டி ஒரு நொடியில் சொல்லியிருப்பார். ‘அங்கிள்’, ‘ஆன்ட்டி’, ‘கஸின்’ என்று மூன்று சொல்லில் குடும்பத்தை முடித்துக்கொள்ளும் பிள்ளைகள் இனி சொல்ல மாட்டார்கள். அதற்காக அவர்களைத் திட்டப் போவதில்லை, உங்களைத்தான் திட்டுகிறேன். உங்களுக்குச் சொல் இருக்கிறது, பார்க்க மாட்டேன் என்கிறீர்கள்.

எளிய நூல் கேட்டிருந்தீர்கள். இப்போதைக்கு நூல் வேண்டாம். கோடு போடாத பெரிய தாள் ஒன்றை அகலவாக்கில் வையுங்கள். ஆணுக்கு முக்கோணம், பெண்ணுக்கு வட்டம், மணத்துக்கு இரட்டைக் கோடு, இறந்தவர் மேல் ஒரு சாய்கோடு. வீட்டில் மூத்த அம்மா யாரோ அவரிடம் உட்காருங்கள். கைப்பேசியை நீட்டிக்கொண்டு போகாதீர்கள், பென்சில் போதும். கட்டிக்கொடுத்த பெண்களும் குழந்தையிலேயே இறந்தவைகளும் முதல் சுற்றில் விட்டுப்போகும். இரண்டு பிறப்புக்கு நடுவே இடைவெளி பெரிதாக இருந்தால், ‘நடுவில் யாராவது?’ என்று மெல்லக் கேளுங்கள். அவர் பேசாமல் இருந்தால் அன்றைக்கு அத்தோடு நிறுத்துங்கள். தாத்தா பெயரைத் தாங்குபவன்தானே பேரன், ஒரே பெயர் ஒன்றுவிட்ட தலைமுறைகளில் திரும்பத் திரும்ப வரும். எண் போடாவிட்டால் இரண்டு ஆட்கள் ஒருவராகிவிடுவார்கள். படகர் வீட்டில் எழுதினால் எத்தனை ஜோகி வருகிறார்கள் என்று பாருங்கள்.

பிறகு அதே தாளை இன்னொரு கிளை உறவினரிடம் காட்டாமல், பெயர்களை மட்டும் திரும்பக் கேளுங்கள். இரண்டும் ஒத்துப்போகாத இடங்களைச் சுழியுங்கள். அக்கா மகளைக் கட்டியவர் யாராவது உங்கள் குடும்பத்தில் இருந்தால் கோடுகள் தலைமுறை தாண்டி ஒன்றை ஒன்று வெட்டும், படம் அசிங்கமாகும். அழித்துத் திருத்தாதீர்கள். அந்த மனிதர் தன் மாமியாரை அத்தை என்று கூப்பிட்டாரா, கடைசி வரை அக்கா என்றேதானா என்று கேட்டு, பக்கத்தில் எழுதி வையுங்கள்.