பீர்க்கம்பூவுக்கு சாயங்காலம் ஆறு மணிக்குக் கல்யாணம்

மாடித்தோட்டம்: வாசகர் கேள்வி பதில்

போன இதழ்ல மாடித்தோட்டம் பத்தி சந்தேகம் இருந்தா அனுப்புங்கன்னு ஒரு வரி போட்டதுக்கு இவ்ளோ வரும்னு நினைக்கவே இல்ல. பாதிக்கு மேல "என்ன உரம் போடலாம்"ங்கிற ஒரே கேள்விதான், அதுக்கெல்லாம் சேத்து ஒரே பதில் சொல்லிடறேன், செடி வாடிச்சுன்னா உரத்தத் தேடி ஓடாதீங்க, மொதல்ல செடி வச்சிருக்கிற பைக்குள்ள ரெண்டு கணு ஆழத்துக்கு விரல விட்டுப் பாருங்க. நான் அம்பத்தூர்ல ஒம்போது வருஷமா மொட்டமாடில வச்சிருக்கேன், ஆரம்பத்துல நானும் பஞ்சகவ்யா, மீன் அமிலம், கடலைப்புண்ணாக்கு ஊறவச்ச தண்ணின்னு யார் என்ன சொன்னாலும் ஊத்துன ஆளுதான். செத்த செடில முக்காவாசி தண்ணி ஜாஸ்தியாகி வேர் அழுகித்தான் செத்துச்சுன்னு புரியவே எனக்கு ரெண்டு வருஷம் ஆச்சு.

அக்கா, பீர்க்கங்கொடி பந்தல் முழுக்க படர்ந்திருக்கு, பூ மஞ்சமஞ்சளா கொட்டுது, ஆனா ஒரு காய்கூட நிக்கல. விரல் நீளம் பிஞ்சு வந்து பழுத்து விழுந்துடுது. சத்து இல்லையா?
வாசகி, மடிப்பாக்கம்

சத்து இல்லாமலா பந்தல் முழுக்க படரும், சத்து ஜாஸ்தியாதான் இருக்கு! உங்க கொடிக்கு வேண்டியது மாப்பிள்ளை பொண்ண சேத்து வைக்க ஒரு ஆள். பீர்க்குல ஆண் பூ தனி, பெண் பூ தனி. ஆண் பூ ஒரே காம்புல கொத்தா வரும், பெண் பூ ஒத்தையா வரும், அதுக்குக் கீழயே குட்டியா ஒரு பீர்க்கங்கா ஒட்டிட்டு இருக்கும், பாத்தாலே தெரியும். மொதல் ரெண்டு வாரம் வெறும் ஆண் பூவாதான் கொட்டும், அது இயற்கை, பயப்படாதீங்க. அப்பறம் பிஞ்சு வந்தும் பழுத்து விழுதுன்னா மகரந்தம் சேரலன்னு அர்த்தம். தரையில இருக்கிற தோட்டத்துல அந்துப்பூச்சி, தேனீ எல்லாம் அந்த வேலையப் பாத்துக்கும், நம்ம மூணாவது மாடி நாலாவது மாடிக்கு அதுங்க எங்க ஏறி வருது.

இன்னொரு விஷயம், எல்லாரும் காலைல பல்லு வெளக்கிட்டே மேல போய்ப் பாக்கறாங்க, பீர்க்கம்பூ காலைல தூங்கிடும். அது விரியறதே சாயங்காலம்தான், புடலையும் சுரையும்கூட அப்படித்தான். பூசணி, பாகல், வெள்ளரி இதுங்கதான் விடியக்காலைல விரியற ஜாதி. அதனால நீங்க ஒரு ஆறு மணிக்குப் போங்க. நல்லா விரிஞ்ச ஆண் பூ ஒண்ணப் பறிச்சு, இதழ எல்லாம் பிச்சுப் போட்டுட்டு, நடுவுல இருக்கிறத விரல்ல தொட்டுப் பாருங்க, மஞ்சள் பொடி மாதிரி ஒட்டுச்சுன்னா அது தயார். பெண் பூவோட நடுவுல பிசுபிசுன்னு மூணா பிரிஞ்சு ஒண்ணு இருக்கும், அதுமேல மெதுவா தடவி விடுங்க, அவ்ளோதான். ஒரு ஆண் பூவ வச்சு ரெண்டு மூணு பெண் பூவ முடிச்சிடலாம். நாலஞ்சு நாள்ல பிஞ்சு பச்சையாவே பெருசாகிட்டு வந்தா நின்னுடுச்சுன்னு அர்த்தம். நின்ன பிஞ்சுக்கு ஒரு பழைய நியூஸ்பேப்பர சுருட்டி தொளதொளன்னு உறை மாட்டிடுங்க, இல்லன்னா பழ ஈ வந்து குத்திட்டுப் போயிடும், காய் கோணிக்கிட்டு உள்ள புழு வச்சுடும். எங்க வீட்ல இந்த ஆறு மணி வேலைய என் மாமியார்தான் பாப்பாங்க, சீரியல் ஆரம்பிக்கறதுக்கு முன்னாடி "கல்யாணம் முடிச்சிட்டு வந்துட்டேன்"னு சொல்லிட்டே எறங்குவாங்க.

மேடம், எங்க அப்பார்ட்மென்ட் அசோசியேஷன்ல மாடில ஒரு தொட்டிகூட வைக்கக் கூடாது, வெயிட் தாங்காது, தளம் ஒழுகும்னு சண்டை. இதுல உண்மை இருக்கா?
வாசகர், பெரம்பூர்

பாதி உண்மை சார், அதனால சண்டை போடாம கணக்கு போட்டுக் காட்டுங்க. ஆள் நடமாடற மொட்டமாடிக்கு ஐ.எஸ். 875ன்னு ஒரு இந்தியத் தர விதி இருக்கு, அதுல சதுர மீட்டருக்கு சுமார் 150 கிலோ பாரம்னு வச்சுதான் டிசைன் பண்ணச் சொல்லுது. இப்ப 12 இஞ்ச் அகலம் 12 இஞ்ச் உயரம் இருக்கிற ஒரு க்ரோ பேக், அதான் செடி வளக்கற பை, எடுத்துக்கங்க, உள்ள சுமார் 22 லிட்டர் பிடிக்கும். அதுல முழுக்க செம்மண்ண ரொப்பி தண்ணியும் ஊத்துனா 35 கிலோவத் தாண்டிடும். நெருக்கி வச்சா ஒரு சதுர மீட்டர்ல ஒம்போது பை நிக்கும், 300 கிலோவுக்கு மேல போச்சா? உங்க செக்ரட்டரி பயப்படறது இதுக்குத்தான், அவர குத்தம் சொல்ல முடியாது.

அதே பையில பாதிக்கு தேங்கா நார்க்கழிவு, மீதில மண்ணும் மண்புழு உரமும்னு ரொப்புங்க, ஈரத்தோட கிட்டத்தட்ட 20 கிலோதான் வரும். சதுர மீட்டருக்கு நாலு பைன்னு இடம் விட்டு வைங்க, 80 கிலோ, நடக்கறதுக்கும் வழி இருக்கும். அதையும் நடு மாடில குமிக்காம சுவர், பீம் போற ஓரமா வரிசையா வைங்க. ரொம்பப் பழைய கட்டடம், கம்பி தெரியுது, சிலாப் பேந்து விழுதுன்னா கணக்கே வேணாம், ஒரு இன்ஜினியரக் கூட்டிட்டு வந்து காட்டிட்டு அப்பறம் பேசுங்க.

ஒழுகறது வேற கதை. பைய நேரா மாடித் தளத்து மேலயே வச்சா அடியில ஈரம் காயவே காயாது, வேரு சந்துல எறங்கும், கீழ் வீட்டு சீலிங்ல ஓதம் ஏறும். எனக்கே நடந்துச்சு, மூணாவது வருஷம் எங்க படுக்கை ரூம் சீலிங்ல இந்தியா மேப் மாதிரி ஒரு கறை வந்து, வீட்டுக்காரர் ஒரு வாரம் என்கூட பேசல. இப்ப எல்லா பையும் அரை அடி ஒசரம் இரும்பு ஸ்டாண்ட் மேலதான், அடியில தொடப்பம் போட்டுப் பெருக்கற அளவுக்கு இடம் இருக்கணும், அதான் அளவு.

ஆண்ட்டி, தக்காளில பூ பூவா வருது, எல்லாம் உதிர்ந்துடுது. மார்ச்ல நாத்து வச்சேன்.
கல்லூரி மாணவி, தாம்பரம்

வச்ச மாசம்தான் தப்பு கண்ணு. பகல் 35 டிகிரிக்கு மேல போயி, ராத்திரியும் 25க்குக் கீழ எறங்கலன்னா தக்காளி பூ நிக்காது, நம்ம சென்னைல ஏப்ரல் மே ராத்திரி எப்படி இருக்கும்னு உனக்கே தெரியும், ஃபேன் காத்தே சுடும். பச்சை நிழல் வலை கட்டுனா செடி பொழைக்கும், காய்க்கு உத்தரவாதம் இல்ல. பெருமழை ஓயற நேரம், கார்த்திகை கடைசி மார்கழில நாத்து நடு, தை மாசில காய் பறிக்கலாம். பூத்ததும் காலைல எட்டு ஒம்போது மணிக்கு பூக்கொத்த விரலால லேசா சுண்டி விடு, தக்காளி கத்திரிக்கெல்லாம் ஒரே பூவுல ரெண்டும் இருக்கு, ஆட்டி விட்டாலே போதும். இப்போதைக்கு அந்தப் பையில வெண்டை போடு, அதுக்கு வெயில்னா கொண்டாட்டம்.

நார்க்கழிவு கட்டி வாங்கி ஊறவச்சு கீரை போட்டேன், முளைச்சதும் நுனி கருகிப் போச்சு.
வாசகி, கொளத்தூர்

கழுவாம போட்டுட்டீங்க. நார்க்கழிவுல உப்பு இருக்கும், தண்ணில ஊறவச்சு, பிழிஞ்சு, அந்த டீ டிகாஷன் மாதிரி தண்ணியக் கொட்டிட்டு, திரும்ப ஊறவச்சு, ஒரு மூணு தடவ. டிகாஷன் வெளுத்ததும் நிறுத்திக்கலாம். அப்பறம், வெறும் நார்க்கழிவுல சத்துன்னு ஒண்ணும் பெருசா கிடையாது, அது தண்ணி பிடிச்சு வைக்கற பஞ்சு, அவ்ளோதான், தொழு உரமோ மண்புழு உரமோ கலந்தாதான் கீரை ஏறும்.

ஆர்.ஓ. மெஷின்ல வெளிய வர்ற தண்ணிய செடிக்கு ஊத்தலாமா?
வாசகர், மேடவாக்கம்

உங்க ஏரியா போர் தண்ணியே உப்புன்னுதான ஆர்.ஓ. போட்டீங்க, அந்த உப்பெல்லாம் சேந்து வெளிய வர்றதுதான் அது. அத ஊத்துனா ரெண்டே மாசத்துல பை மண்ணு மேல வெள்ளையா பூத்துடும். பாத்ரூம் கழுவ வச்சுக்கங்க. அரிசி களைஞ்ச தண்ணி, பருப்பு கழுவுன தண்ணி தாராளமா ஊத்தலாம், உப்பு போட்டு வேகவச்ச தண்ணி மட்டும் கூடாது. போர் தண்ணி மட்டும்தான் வழின்னா பாலக், பீட்ரூட் போட்டுப் பாருங்க, ரெண்டும் கொஞ்சம் உப்பு தாங்கும்.

செம்பருத்தி, கத்திரி, பப்பாளி எல்லாத்துலயும் வெள்ளையா பஞ்சு மாதிரி அப்பிக்கிட்டு இருக்கு. என்ன அடிக்கட்டும்?
வாசகி, வேளச்சேரி

மாவுப்பூச்சி. அடிக்கறதுக்கு முன்னாடி எறும்பப் பாருங்க, செடில எறும்பு லைன் கட்டிப் போகுதா? அந்தப் பூச்சி விடற இனிப்புத் தண்ணிக்காக எறும்புதான் அத வேலியா நின்னு காவல் காக்குது, சில சமயம் தூக்கிட்டுப் போயி அடுத்த செடில குடியும் வைக்குது. எறும்ப நிறுத்தாம நீங்க எத்தன தடவ அடிச்சாலும் திரும்ப வரும். ஸ்டாண்ட் காலுல துணியச் சுத்தி வேப்பெண்ணெய் தடவுங்க. ரொம்ப அப்பிக் கெடக்கற கிளைய வெட்டி சோப்புத் தண்ணில முக்கிப் போடுங்க, மாடி ஓரமா வீசாதீங்க. மிச்சத்துக்கு ஒரு லிட்டர் தண்ணிக்கு 5 மில்லி வேப்பெண்ணெய், மொதல்ல எண்ணெயில நாலு சொட்டு சோப்பு லிக்விட் விட்டுக் கலக்கிட்டு அப்பறம் தண்ணி, இல்லன்னா எண்ணெய் தனியா மெதக்கும். வெயில் தாழ்ந்ததும் இலைக்கு அடியில படற மாதிரி அடிங்க, வாரம் ஒரு தடவன்னு மூணு வாரம்.

பப்பாளின்னு சொன்னதும் ஒண்ணு ஞாபகம் வருது. 2008ல கோயம்புத்தூர் பக்கம் பப்பாளி மாவுப்பூச்சின்னு ஒண்ணு புதுசா வந்து, மரவள்ளி, மல்பெரி, பப்பாளின்னு ஒண்ணு விடாம தின்னுச்சு, விவசாயிங்க மருந்தடிச்சே ஓய்ஞ்சு போனாங்க. கடைசில 2010ல போர்ட்டோ ரிக்கோலேந்து அசெரோஃபேகஸ் பப்பாயேன்னு ஒரு கடுகளவுகூட இல்லாத குளவிய வரவழைச்சு வயல்ல விட்டாங்க, அது மாவுப்பூச்சி உடம்புக்குள்ள முட்டை வச்சு வச்சே அந்தக் கூட்டத்த அடக்கிடுச்சு. அதனால மாடில சின்னச்சின்னதா பறக்கற எல்லாத்தையும் ஸ்ப்ரே வச்சுக் கொல்லாதீங்க, அதுல நம்மாளும் இருப்பாங்க.

மேடம், இந்தச் செலவுக்கு கடையிலயே வாங்கிடலாம்னு என் கணவர் கிண்டல் பண்றார். உண்மைல லாபமா?
வாசகி, அண்ணா நகர்

அவர் சொல்றதுல தப்பில்ல. ஸ்டாண்டு, பை, நார்க்கழிவு, வலைன்னு மொதல் வருஷம் நான் போட்ட காசுக்கு கோயம்பேடுலேந்து ஆட்டோ வச்சு காய் வாங்கிருக்கலாம். வெங்காயம், உருளை, முட்டைகோஸ் எல்லாம் மாடில வச்சு கட்டுபடியாகவே ஆகாது, ஒரு கோஸுக்கு ஒரு பை மூணு மாசம் அடைபட்டுக் கெடக்கும். கணக்கு தேறுறது கீரைலதான். முளைக்கீரை 25 நாள்ல பிடுங்கிடலாம், அரைக்கீரைய வெட்ட வெட்டத் துளுக்கும், பொன்னாங்கண்ணி கடையில வாங்குன கட்டுல தண்டு நல்லா இருக்கிறத குத்தி வச்சாலே வந்துடும், விதைச் செலவுகூட இல்ல. அஞ்சு பை போதும், வாரம் ரெண்டு நாள் கீரை உங்களது. கீரை விதைய மணலோட கலந்து தூவிட்டு, பையச் சுத்தி கொஞ்சம் ரவையத் தூவி வைங்க, எறும்பு அத இழுத்துட்டுப் போற நேரத்துல விதை முளைச்சுடும்.

நேரா 50 பையோட ஆரம்பிச்சவங்க பத்து பேர எனக்குத் தெரியும், அதுல எட்டு பேர் மாடில இப்ப காலிப் பைதான் வெயில்ல கிழிஞ்சு தொங்குது. செலவ கொறைக்கணும்னா தோட்டக்கலைத் துறைல மானியத்துல மாடித்தோட்டக் கிட் தர்றாங்களான்னு கேளுங்க, 2013-14 வாக்குல சென்னை, கோவைல ஆரம்பிச்ச திட்டம் அது, பை, நார்க்கழிவு, விதைன்னு சேத்தே தருவாங்க, ஸ்டாக் இருக்கும்போது போய் வாங்கிடணும்.

எங்க பால்கனில ரெண்டு மணி நேரம்தான் வெயில். ஏதாவது வருமா?
வாசகி, தி. நகர்

காய் வராது, ஏமாத்திக்க வேணாம். புதினா, கற்பூரவள்ளி, வெற்றிலை, பொன்னாங்கண்ணி வரும். புதினா கடையில வாங்குற கட்டுலயே வேர் விட்ட தண்டு நாலு கெடைக்கும்.

தொட்டி வச்சதுலேந்து கொசு ஜாஸ்தின்னு பக்கத்து வீட்ல சொல்றாங்க.
வாசகர், ஆவடி

தொட்டிய விடுங்க, அடியில வச்சிருக்கிற தட்டப் பாருங்க. டெங்கு கொசுவுக்கு அந்த மாதிரி நல்ல தண்ணிதான் பிடிக்கும், முட்டைலேந்து கொசுவா பறக்க ஒரு வாரம் பத்து நாள் போதும். தண்ணிய கீழ கொட்டுனா மட்டும் பத்தாது, முட்டை தட்டோட ஓரத்துல ஒட்டிக்கிட்டு காஞ்சாலும் மாசக்கணக்குல உயிரோட கெடக்கும், மறுபடி தண்ணி பட்டதும் பொரியும். அதனால வாரா வாரம் நார் போட்டுத் தேச்சுக் கழுவணும். நான் தட்டையே தூக்கிட்டேன். தண்ணி வழியுதுன்னா ஊத்துனது ஜாஸ்தின்னு எனக்கும் தெரிஞ்சுடுது.

கருவேப்பிலை ரெண்டு வருஷமா ஒரே குச்சியா நிக்குது அக்கா.
வாசகி, அம்பத்தூர்

நம்ம ஏரியா! பாவம் பாத்து நீங்க அதத் தொடவே இல்லன்னு நினைக்கறேன். நுனிய ஒரு ஜாண் கிள்ளிடுங்க, பக்கத்துல கிளை வெடிக்கும். எலையா உருவாதீங்க, கொத்தோட ஒடிங்க. புளிச்ச மோர தண்ணில கலந்து மாசம் ஒரு தடவ வேர்ல ஊத்துங்க, இத எங்க அம்மா செஞ்சத பாத்துத்தான் நானும் செய்யறேன். அப்பவும் வரலன்னா சொல்லுங்க, எங்க மாடில வேர்லேந்து கன்னு நாலு வந்திருக்கு, எடுத்துட்டுப் போங்க.